பதினொருவரில் ஒருவர் பூட்ஸ் அணிந்திருந்தார்



சென்ற மாதம் மழை விட்ட ஒரு சனிக்கிழமை மாலை, நம் வாலிபர் ஐக்கியப் பிள்ளைகள் ஆவடியில் பக்கத்துக் குடியிருப்புப் பையன்களோடு கால்பந்து விளையாடுவதைக் காணச் சென்றிருந்தேன். மைதானத்தில் பாதி சேறு. இரு தரப்பிலும் சேர்த்து ஆறேழு பேருக்குத்தான் ஸ்டட்ஸ் வைத்த பூட்ஸ் இருந்தது; மற்றவர்கள் வெறுங்காலோடு ஆடினார்கள். பந்து யார் காலில் பட்டு வெளியே போனது என்று நடுவில் ஒரு வாக்குவாதம் எழுந்தது. அந்த வேகத்தில் எதிரணிப் பையன் ஒருவன், "நீங்கள்லாம் வெள்ளைக்காரன் கட்சிதானே" என்று சொல்லிவிட்டான். கால் மணி நேரத்தில் அவனும் நம் பையனும் ஒரே டீக்கடை பெஞ்சில் உட்கார்ந்து பஜ்ஜி தின்றுகொண்டிருந்தார்கள். ஆகவே நான் அதைப் பெரிதாக எடுத்துக்கொள்ளவில்லை. நம் பிள்ளையோ எடுத்துக்கொண்டிருந்தான். பதினோராம் வகுப்புப் படிக்கிறவன். வீடு திரும்பும் வழியில் என்னிடம் கேட்டான்: "ஐயா, சுதந்திரத்துக்கு முன்னாடி நம்ம ஆளுங்க எந்த டீம்ல ஆடினாங்க?"

அவன் பொதுவாகத்தான் கேட்டான். ஆனால் கால்பந்திலேயே அதற்கு நேரான விடை ஒன்று உண்டு என்பது என் நினைவுக்கு வந்தது. "பிறகு சொல்கிறேன் தம்பி" என்று அவனை அனுப்பிவிட்டேன். அன்று சொல்லாமல் விட்டதை இந்த வாரம் உங்கள் எல்லாருக்குமாக எழுதுகிறேன்.

நான் இறையியல் கல்லூரியில் படித்த நாட்களில் திருச்சபை வரலாறு என்றால் வில்லியம் கேரி, அலெக்சாண்டர் டஃப், சீகன்பால்கு என்றே பாடம் ஓடும். வங்காளத்தைப் பற்றி எத்தனையோ பக்கங்கள் எழுதித் தேர்வில் மதிப்பெண் பெற்றேன். ஆனால் கல்கத்தாவில் 1911ஆம் ஆண்டு ஜூலை மாதம் நடந்த ஒரு கால்பந்துப் பருவத்தைப் பற்றியும், அந்த அணியின் பின்காவலில் நின்ற ஒரு கிறிஸ்தவ ஆசிரியரைப் பற்றியும் எனக்கு ஒருவரும் சொல்லவில்லை. பல ஆண்டுகள் கழித்து, ஒரு கருத்தரங்குக்காகக் கொல்கத்தா சென்றபோது, அங்குள்ள போதக நண்பர் ஒருவர் மைதானத்தின் ஓரமாக நடந்துகொண்டே சொன்னதுதான் முதல் செய்தி. பிறகு தேடிப் படித்தேன்.

கல்கத்தா மைதானம் என்பது நம் தீவுத்திடலைப் போலப் பல மடங்கு பெரிய புல்வெளி. ஒரு பக்கம் வில்லியம் கோட்டை, தென்கிழக்கில் பரிசுத்த பவுல் பேராலயம், நடுவில் கால்பந்துக் களங்கள். கோட்டைக் கொடிக்கம்பத்தில் அன்று யூனியன் ஜாக் பறந்தது. கொடிக்கும் பேராலயத்துக்கும் இடையிலுள்ள இந்தப் புல்வெளியை மனத்தில் வைத்துக்கொண்டு மேலே படியுங்கள்.

இந்தியாவில் கால்பந்தைக் கொண்டுவந்தவர்கள் படைவீரர்களும் வணிகர்களும் மாலுமிகளும்தான். ஆனால் இந்தியப் பிள்ளைகளின் காலுக்கு அது வந்து சேர்ந்தது பெரும்பாலும் பள்ளி, கல்லூரிகளின் வழியாக. 1877இல் நாகேந்திர பிரசாத் சர்வாதிகாரி என்ற சிறுவன், மைதானத்தில் வெள்ளையர் ஆடிக்கொண்டிருந்த பந்து உருண்டு தன் பக்கம் வந்தபோது அதைத் திருப்பி உதைத்தான் என்றும், அதுவே தொடக்கம் என்றும் வங்காளத்தில் சொல்வார்கள். அவனும் ஹேர் பள்ளி நண்பர்களும் காசு சேர்த்து ஒரு பந்து வாங்கினார்கள்; வாங்கி வந்தது ரக்பி பந்து! முட்டை வடிவப் பந்தை உதைத்துக்கொண்டிருந்த பிள்ளைகளைக் கண்டு, பிரசிடென்சி கல்லூரிப் பேராசிரியர் ஸ்டாக் என்பவர் சரியான பந்தைத் தந்து ஆட்டத்தைக் கற்றுக்கொடுத்தார் என்பது அந்தக் கதையின் மீதி.

1889 ஆகஸ்ட் 15 அன்று வடக்குக் கல்கத்தாவில் மோகன் பகான் கிளப் தொடங்கியது. அந்தத் தேதி பின்னால் நமக்கு என்னவாக ஆகும் என்று அன்று யாருக்குத் தெரியும்? அதன் முதல் தலைவர் பூபேந்திரநாத் போஸ். 1914இல் நம் சென்னையில் கூடிய காங்கிரஸ் மாநாட்டுக்குத் தலைமை தாங்கியவரும் அவரே. கிளப்பின் முதல் ஆட்டமே பிரசிடென்சி கல்லூரியின் ஈடன் இந்து விடுதி மாணவர்களோடுதான். கிளப்பின் பெயரில் முதலில் 'ஸ்போர்ட்டிங்' என்ற சொல் இருந்தது. பிரசிடென்சி கல்லூரிப் பேராசிரியர் ரோ என்பவர், வேட்டையும் மீன்பிடிப்பும் இல்லாத சங்கத்துக்கு அந்தச் சொல் பொருந்தாது என்று சொல்ல, அதை 'அத்லெட்டிக் கிளப்' என்று மாற்றிக்கொண்டார்கள். ஆக, இது ஒரு கல்லூரியின் அணி என்று சொல்ல முடியாவிட்டாலும், கல்லூரி வாசலிலேயே பிறந்து வளர்ந்த அணி.

ஆங்கிலேயர் இந்த ஆட்டத்தை வெறும் ஆட்டமாக நினைக்கவில்லை. வங்காளிகள் உடல்வலிமை இல்லாதவர்கள், எழுத்தர் வேலைக்கே ஏற்றவர்கள் என்ற எண்ணம் மெக்காலே காலத்திலிருந்து அவர்களிடையே ஊறியிருந்தது. மிஷனரிகளும் இதிலிருந்து முற்றிலும் விடுபட்டவர்கள் அல்லர் என்பதை நாம் ஒப்புக்கொள்ள வேண்டும். விளையாட்டுத்தான் ஒழுக்கத்தைக் கற்றுத்தரும், தசை வலுத்தால் விசுவாசமும் வலுக்கும் என்று நம்பிய ஒரு தலைமுறை இங்கிலாந்தில் இருந்தது. அவர்களில் பலர் நம் நாட்டுக்கு ஆசிரியர்களாக வந்தார்கள். 1891இல் காஷ்மீரின் ஸ்ரீநகரில் மிஷன் பள்ளித் தலைவர் டின்டேல் பிஸ்கோ, தோல் பந்தைத் தொடுவது தீட்டு என்று மறுத்த பிராமணப் பிள்ளைகளைக் கம்புகளோடு நின்ற ஆசிரியர்களைக் கொண்டு களத்துக்குள் தள்ளினார். அவரே அதைப் பெருமையாக எழுதியும் வைத்தார். அந்தப் பள்ளியால் காஷ்மீர் பெற்ற நன்மைகள் பல. ஆயினும் கம்பின் துணையோடு நடத்திய அந்த முதல் ஆட்டத்தை நான் ஒருபோதும் மகிழ்ச்சியோடு வாசித்ததில்லை.

கல்கத்தாவில் நடந்தது வேறு வகை. அங்கே பிள்ளைகளை யாரும் தள்ளவில்லை. 1892லேயே சோவாபஜார் கிளப் டிரேட்ஸ் கோப்பையில் ஈஸ்ட் சர்ரே படைப்பிரிவை 2-1 என்று வென்றது. மோகன் பகானும் 1906, 1907, 1908 என மூன்று ஆண்டுகள் தொடர்ந்து டிரேட்ஸ் கோப்பையை எடுத்தது. ஆனால் 1893இல் தொடங்கிய ஐ.எஃப்.ஏ. ஷீல்டு மட்டும் எட்டாக் கனியாக இருந்தது. அது படைப்பிரிவுகளின் கோட்டை. 1909இல் முதன்முறை அதில் ஆடிய மோகன் பகானை கார்டன் ஹைலாண்டர்ஸ் படைப்பிரிவு 3-0 என்று வீழ்த்தி அனுப்பியது.

இப்போது 1911க்கு வருவோம். அந்த ஆண்டின் காற்றை நீங்கள் உணர வேண்டும். 1905 அக்டோபரில் கர்சன் வங்காளத்தை இரண்டாகப் பிரித்திருந்தார். அந்தக் காயம் ஆறவில்லை. நம் பக்கத்திலோ, வ.உ.சிதம்பரனார் சிறையில் இருந்தார். ஜூன் 17 அன்று மணியாச்சி சந்திப்பில் ரயில் பெட்டிக்குள் இருந்த திருநெல்வேலி கலெக்டர் ஆஷை வாஞ்சிநாதன் சுட்டுக் கொன்று, தன்னையும் சுட்டுக்கொண்டான். ஐந்து நாள் கழித்து லண்டனில் ஐந்தாம் ஜார்ஜுக்கு முடிசூட்டினார்கள். மணியாச்சித் துப்பாக்கிச் சத்தம் கேட்டு ஆறே வாரத்தில் கல்கத்தா மைதானத்தில் இறுதி ஆட்டம் நடந்தது. ஒரே நாட்டில், ஒரே கோடையில்.

அந்தப் பருவத்தின் முதல் எதிரி யார் தெரியுமா? புனித சேவியர் கல்லூரி. இயேசு சபையாரின் கல்லூரி அணியை மோகன் பகான் 3-0 என்று வென்றது. பிறகு ரேஞ்சர்ஸ் அணியை 2-1. பிறகு ரைஃபிள் பிரிகேட் படைப்பிரிவை 1-0. அரையிறுதியில் மிடில்செக்ஸ் படைப்பிரிவோடு 1-1 என்று சமன். மறு ஆட்டத்தில் 3-0. எண்களாகச் சொன்னால் எளிதாக முடிந்துவிடுகிறது. ஜூலை கல்கத்தாவில் மழைக்காலம் என்பதைச் சேர்த்துக்கொள்ளுங்கள். காய்ந்த தரையில் வெறுங்காலுக்குச் சில நன்மைகள் உண்டு: பந்து காலோடு ஒட்டும், சட்டெனத் திரும்பலாம், ஓட்டம் இலகு. நனைந்த தரையில் அது வழுக்கும். மேலும் எதிரில் வருபவர் கனமான பூட்ஸ் அணிந்த சிப்பாய். அவர் வேண்டுமென்றே மிதிக்கத் தேவையில்லை. தவறி மிதித்தாலே போதும். ஆவடி மைதானத்தில் விரல் நசுங்கி நொண்டிக்கொண்டு வந்த நம் பிள்ளைகளைக் கேட்டால் தெரியும்.

அணியின் பதினொரு பேரையும் பெயரோடு சொல்வது அவர்களுக்குச் செய்யும் மரியாதை. கோல்கீப்பர் ஹீராலால் முகர்ஜி. பின்காவலில் பூத்தி சுகுல், சுதிர் சட்டர்ஜி. நடுவே மன்மோகன் முகர்ஜி, ராஜேன் சென்குப்தா, நீல்மாதவ் பட்டாச்சார்யா. முன்வரிசையில் கானு ராய், ஹாபுல் சர்க்கார், அபிலாஷ் கோஷ், பிஜோய்தாஸ் பாதுரி, அவர் தம்பியும் அணித்தலைவருமான ஷிப்தாஸ் பாதுரி. ஷிப்தாஸ் கால்நடைத் துறையில் வேலை பார்த்தவர். மற்றவர்களிலும் அலுவலக எழுத்தர்கள் உண்டு, மாணவர்கள் உண்டு. அபிலாஷ் கோஷ் ஸ்காட்டிஷ் சர்ச் கல்லூரி மாணவர். அந்தக் கல்லூரியின் வேர் 1830இல் அலெக்சாண்டர் டஃப் தொடங்கிய பள்ளி. அதே ஸ்காட்லாந்துத் திருச்சபை 1837இல் ஜான் ஆண்டர்சனைக் கொண்டு சென்னையில் தொடங்கிய பள்ளியே பின்னாளில் சென்னைக் கிறிஸ்தவக் கல்லூரி ஆயிற்று. நம் சபையிலேயே தாம்பரத்தில் படித்தவர்கள் எத்தனை பேர் இருக்கிறீர்கள்! உங்கள் கல்லூரியின் அண்ணன் கல்லூரியில் படித்த பையன் அவன்.

இடது பின்காவலில் நின்ற சுதிர் சட்டர்ஜி வங்காளக் கிறிஸ்தவர். கல்கத்தாவின் பவானிப்பூரில் லண்டன் மிஷனரி சங்கம் நடத்திய கல்லூரியில் ஆசிரியர். லண்டன் மிஷனரி சங்கம் என்றால் நமக்கு அந்நியமான பெயர் அன்று. நாகர்கோவிலிலும் சேலத்திலும் கோயம்புத்தூரிலும் சென்னையிலும் சபைகளை நாட்டிய அதே சங்கம்தான். வரலாறு அவரை ரெவரண்ட் சுதிர் சட்டர்ஜி என்றே நினைவில் வைத்திருக்கிறது. பதினொரு பேரில் பூட்ஸ் அணிந்து ஆடியவர் அவர் ஒருவரே.

முதல் ஆட்டத்துக்குக் கல்லூரியில் விடுப்புக் கிடைக்காததால் அவர் வரவில்லை என்றும், அணி பத்துப் பேரோடு ஆடியது என்றும் கிளப்பின் பழைய கதைகளில் ஒன்று உண்டு. அந்தக் கதையைக் கேட்டபோது எனக்குச் சிரிப்பு வந்தது. மிஷன் நிறுவனங்களில் வேலை பார்த்த எவருக்கும் விடுப்பு விண்ணப்பத்தின் பாடு தெரியும். ஆனால் சற்று யோசித்தபோது சிரிப்பு அடங்கிவிட்டது. திங்கள் முதல் வெள்ளி வரை ஆங்கிலேயர் நடத்தும் கல்லூரியில் சம்பளம் வாங்குகிறார். மாலையில் ஆங்கிலேயப் படைப்பிரிவுகளை எதிர்த்து ஆடும் அணியில் நிற்கிறார். தெருவில் இறங்கினால் அவர் மதம் ஆள்கிறவனின் மதம். கல்லூரிக்குள் நுழைந்தால் அவர் நிறம் ஆளப்படுகிறவனின் நிறம். இந்த இரண்டையும் ஒரே உடம்பில் சுமந்து கொண்டு, பந்து வரும் திசையைப் பார்த்துக்கொண்டு அவர் பின்காவலில் நின்றார்.

பூட்ஸ் பற்றியும் ஒரு வார்த்தை. இந்த அணியின் வெற்றியை எல்லாரும் 'பூட்ஸை வென்ற வெறுங்கால்' என்றே சொல்லி வந்திருக்கிறார்கள். அழகான சொற்றொடர், மேடைக்கு நன்றாக இருக்கும். அதைச் சொல்லும்போது சுதிரின் கால்கள் இடைஞ்சலாக இருக்கின்றன. ஆகவே சிலர் அவரை விட்டுவிட்டுச் சொல்வார்கள். சிலர் வேடிக்கைத் தகவலாகச் சேர்ப்பார்கள். கிறிஸ்தவர்களாகிய நமக்கும் இதில் ஒரு சோதனை உண்டு. 'பார், எங்கள் ஆள்தான் பூட்ஸ் போட்ட நாகரிகக்காரர்' என்று மார்தட்டுவது அது. அவ்விதமாக ஒரு கூட்டத்தில் ஒருவர் பேசக் கேட்டு வெட்கப்பட்டிருக்கிறேன். அந்தப் பூட்ஸ் மற்ற பத்துப் பேரைவிட அவரை உயர்த்தவும் இல்லை, எதிரணியோடு சேர்க்கவும் இல்லை. சிப்பாயின் பூட்ஸ் தோழனின் வெறுங்காலில் இறங்காதபடி, பூட்ஸ் அணிந்த ஒரு கால் குறுக்கே நின்றது. களத்தில் அதன் பயன் அவ்வளவுதான் என்று நான் எண்ணிக்கொள்கிறேன்.

இறுதி ஆட்டம் 1911 ஜூலை 29, சனிக்கிழமை. இடம் கல்கத்தா ஃபுட்பால் கிளப் களம். எதிரி ஈஸ்ட் யார்க்ஷயர் படைப்பிரிவு. கிராமங்களிலிருந்தும் அசாம், பீகார் பக்கங்களிலிருந்தும் ஜனங்கள் வந்து குவிந்தார்கள். சிறப்பு ரயில்கள் ஓடின. கூட்டம் அறுபதாயிரம் என்றும் எண்பதாயிரம் என்றும், அதற்கும் மேல் என்றும் கணக்குச் சொன்னார்கள். இரண்டு ரூபாய்ச் சீட்டு பதினைந்து ரூபாய்க்கு விற்றதாம். 1911இன் பதினைந்து ரூபாய்! களத்தைச் சுற்றி அவ்வளவு பேருக்கு இடம் ஏது? மரங்களில் ஏறினார்கள். ஒன்றையும் பார்க்க முடியாமல் தொலைவில் நின்ற ஆயிரக்கணக்கானோருக்குக் கோல் கணக்கைத் தெரிவிக்கப் பட்டம் பறக்கவிட்டார்கள். இந்தப் பட்டச் செய்திதான் எனக்கு மிகவும் பிடித்தது. பந்தைக் காணாமல், கூச்சலை மட்டும் கேட்டுக்கொண்டு, ஆகாயத்தைப் பார்த்தபடி நிற்கும் ஒரு கூட்டத்தை எண்ணிப் பாருங்கள்.

முதல் கோல் ஈஸ்ட் யார்க்ஷயருக்கு. ஜாக்சன் என்ற சார்ஜண்ட் அடித்த ஃப்ரீகிக் உள்ளே போனது. பட்டம் தோல்வியைச் சொல்லியிருக்கும். நேரம் ஓடியது, முடிய ஐந்து நிமிடமோ என்னவோ இருக்கும்போது ஷிப்தாஸ் தாமே கொண்டுபோய்ச் சமன் செய்தார். பிறகு கடைசி நிமிடங்களில் மீண்டும் ஷிப்தாஸ் பந்தோடு ஓடினார். இந்த முறை தாம் அடிக்காமல் அபிலாஷுக்குத் தள்ளினார். ஸ்காட்டிஷ் சர்ச் கல்லூரி மாணவன் அடித்தான். 2-1.

அதன் பின் நடந்ததை அந்நாளைய செய்தித்தாள்கள் பல பத்திகளாக எழுதின. சட்டைகளும் குடைகளும் ஆகாயத்தில் பறந்தன. ஊர்வலம் வடக்குக் கல்கத்தாவை நோக்கிச் சென்றது. முஸ்லிம் ஸ்போர்ட்டிங் கிளப்பைச் சேர்ந்தவர்கள் தங்கள் இந்துச் சகோதரர்களின் வெற்றியைக் கேட்டு மகிழ்ச்சி தாளாமல் தரையில் புரண்டார்கள் என்று 'தி முசல்மான்' பத்திரிகை எழுதியது. வங்காளத்தை மதத்தின் பெயரால் கோடு போட்டுப் பிரித்த ஆறாம் ஆண்டில் எழுதிய வரி அது. அந்த 'இந்துச் சகோதரர்கள்' பதினொருவரில் ஒருவர் கிறிஸ்தவர் என்பதைப் பத்திரிகை தனியாகக் குறிக்கவில்லை. எனக்கு அதில் குறையொன்றும் தோன்றவில்லை. தனியாகக் குறிக்க வேண்டும் என்று அன்று ஒருவருக்கும் படவில்லை என்றால், அதைவிட நல்ல இடம் ஒரு மனிதனுக்கு எது?

ஆயினும் அன்றைய திருச்சபை எங்கே நின்றது என்று நீங்கள் கேட்பீர்கள், கேட்க வேண்டும். பெரும்பாலும் அரசாங்கத்தின் பக்கமே. ஆலயங்களில் மாமன்னருக்காகச் செய்த ஜெபங்கள் வழிபாட்டு முறையிலேயே அச்சாகியிருந்தன. காங்கிரஸ் தொடங்கிய ஆரம்ப ஆண்டுகளில் வங்காளத்தின் காளிசரண் பானர்ஜி போன்ற கிறிஸ்தவர்கள் அதன் மேடையில் முன்னின்றார்கள் என்பது உண்மை. ஆனால் அவர் 1907இல் காலமாகிவிட்டார், அவரைப் போன்றோர் சிலரே. மற்றவர்கள் தயங்கினார்கள். சம்பளமும் பள்ளியும் சுடுகாட்டு நிலமும் கூட மிஷன் கையில் இருந்த காலம் அது. தயக்கத்தை இன்று உட்கார்ந்து குற்றம் சொல்வது எளிது.

அந்தத் தயக்கத்தைக் கடந்து பேசிய குரல்களில் ஒன்று நம் தமிழ்க் குரல். திருநெல்வேலிச் சீமையின் வெள்ளாளன்விளையில் பிறந்து, சென்னைக் கிறிஸ்தவக் கல்லூரியில் படித்த வி.எஸ்.அசரியா, 1910இல் எடின்பரோ உலக மிஷனரி மாநாட்டில் நின்று, வெள்ளையர் நிறைந்த சபையிடம், தியாகமும் தானமும் தந்தீர்கள், இப்போது எங்களுக்கு நட்பைத் தாருங்கள் என்ற பொருளில் பேசினார். மேசையில் சமமாக உட்காரும் நட்பை அவர் கேட்டார். கூட்டத்தில் பலருக்கு அது உவப்பாக இல்லை. இரண்டு ஆண்டுகள் கழித்து, 1912 டிசம்பர் 29 அன்று, ஆங்கிலிக்கன் திருச்சபையின் முதல் இந்தியப் பேராயராக அவரை அபிஷேகம் செய்தார்கள். எங்கே? கல்கத்தாவின் பரிசுத்த பவுல் பேராலயத்தில். நான் முன்பு சொன்ன அதே பேராலயம், அதே மைதானத்தின் ஓரம். சுதிரும் அபிலாஷும் ஓடிய புல்லைக் கடந்தால் அசரியா முழங்காற்படியிட்ட பீடம். இரண்டுக்கும் இடையே பதினேழு மாதங்கள்.

இவை இரண்டும் தொடர்புடையவை என்று நான் சொல்ல வரவில்லை. ஒரு வெற்றியைப் பெரிதாக்கிச் சொல்வதும் சரியன்று. ஷீல்டை இழந்ததால் பேரரசு ஆட்டம் காணவில்லை. அந்த டிசம்பரில் டெல்லி தர்பாரில் ஐந்தாம் ஜார்ஜ் வங்காளப் பிரிவினையை நீக்கினார். கூடவே தலைநகரத்தையும் கல்கத்தாவிலிருந்து எடுத்துக்கொண்டார். களத்திலும் அடுத்த இந்திய அணி அந்த ஷீல்டைத் தொட 1936 ஆயிற்று. அது முகமதன் ஸ்போர்ட்டிங். வெறுங்கால் ஆட்டத்தின் பெருமையும் நிலைக்கவில்லை. 1948 லண்டன் ஒலிம்பிக்கில் நம்மவர் பெரும்பாலோர் வெறுங்காலோடு ஆடிப் பிரான்சிடம் 2-1 என்று தோற்றார்கள். 1952இல் ஹெல்சிங்கி குளிரில் யூகோஸ்லாவியாவிடம் 10-1. அதன் பிறகுதான் பூட்ஸ் கட்டாயமாயிற்று. 1960 ரோம் ஒலிம்பிக்கில் ஆடிய நம் தஞ்சாவூர் சைமன் சுந்தரராஜ் பூட்ஸ் காலத்து ஆட்டக்காரர்.

இன்னும் ஒரு கதை பாக்கி. இறுதி ஆட்டம் முடிந்து வீரர்கள் வெளியே வரும்போது, முதிய பிராமணர் ஒருவர் கூட்டத்தை விலக்கிக்கொண்டு வந்தாராம். வில்லியம் கோட்டையின் மேல் பறந்த கொடியைக் காட்டி, இதைச் செய்துவிட்டீர்கள், அது எப்போது இறங்கும் என்று கேட்டாராம். அடுத்த முறை மோகன் பகான் ஷீல்டை வெல்லும்போது என்று ஒருவர் விடை சொன்னாராம். மோகன் பகான் மறுபடி அந்த ஷீல்டை வென்ற ஆண்டு 1947. இவ்வளவு பொருத்தமாக முடியும் கதைகள் பின்னால் செதுக்கிச் சேர்த்தவையாகவே பெரும்பாலும் இருக்கும். நான் இதை வரலாறு என்று உங்களிடம் வைக்கவில்லை. என் கவனத்தை இழுத்தது வேறொன்று. இந்தக் கதை பல வடிவங்களில் வழங்குகிறது. ஒரு வடிவத்தில், அந்த முதியவர் பதினொருவரில் தேடிப்போய்க் கேள்வி கேட்டது சுதிர் சட்டர்ஜியிடம். பூட்ஸ் அணிந்தவரிடம். ஆள்கிறவனின் மதத்தைச் சேர்ந்தவரிடம். கதையைச் செதுக்கியவர் யாராயிருந்தாலும், கொடி எப்போது இறங்கும் என்று ஒரு கிறிஸ்தவனிடம் கேட்கலாம் என்று அவருக்குத் தோன்றியிருக்கிறது.

நம் பக்கத்திலும் இந்தக் கதைகளுக்கு இடம் உண்டு. பூவிருந்தவல்லி கன்டோன்மென்ட் என்ற பெயரை நாம் பேருந்துப் பலகையில் பார்த்துவிட்டுப் போகிறோம். அங்கே ஒரு காலத்தில் ஆங்கிலச் சிப்பாய்கள் தங்கியிருந்தார்கள். ஆவடியும் அம்பத்தூரும் பின்னர் ஆலைகளின் ஊர்களாயின. சங்கு ஊதி வேலை முடிந்ததும் ஆலைத் தொழிலாளர் பந்தோடு மைதானத்துக்குப் போனதை உங்களில் மூத்தவர்கள் எனக்குச் சொல்லியிருக்கிறீர்கள். அந்த அணிகளில் நம் சபையார் யார் யார் ஆடினார்கள் என்று பழைய புகைப்படங்களோடு வந்து சொல்லுங்கள். வாலிபர் ஐக்கிய அறையில் சுவர் காலியாகத்தான் இருக்கிறது.

சென்ற சனிக்கிழமை அந்தப் பையனை மைதானத்தில் பார்த்து, மேலே எழுதியதையெல்லாம் சுருக்கிச் சொன்னேன். பூட்ஸ் நாடாவைக் கட்டிக்கொண்டே கேட்டான். பட்டம் பறக்கவிட்டதைச் சொன்னபோது மட்டும் தலைநிமிர்ந்தான். எல்லாம் முடிந்தபின் ஒன்று கேட்டான்: "மத்த பத்துப் பேரும் அவரை பூட்ஸக் கழட்டச் சொல்லலையா ஐயா?"

"அப்படிச் சொன்னதாக நான் எங்கும் படிக்கவில்லை தம்பி" என்றேன்.

தலையை ஆட்டிவிட்டு, மற்றக் காலின் நாடாவையும் இழுத்துக் கட்டிக்கொண்டு ஓடினான். அன்று இரு தரப்பையும் கலந்து புதிதாக அணி பிரித்திருந்தார்கள். அந்த டீக்கடைப் பையன் நம் பிள்ளையின் அணியில் இருந்தான்.